வேறொருவர் தொடரா, சொந்தப் படமா, சொந்த ஊரா? வேல்ஸ் இயக்குநர்கள் மூவரின் பாதைகள்

இரண்டு மூன்று குறும்படங்கள் எடுத்து முடித்தவர் முன்னால் அடுத்து வந்து நிற்கும் கேள்வி பெரும்பாலும் ஒன்றுதான். வேறொருவர் எழுதிய தொடரில் இரண்டு எபிசோட் இயக்க அழைத்தால் போவதா, சொந்தக் கதைக்குப் பணம் கிடைக்கும்வரை காத்திருப்பதா? இதற்கான பொது அறிவுரைகள் மேல் எனக்கு நம்பிக்கை குறைவு. ஏற்கெனவே இருபது முப்பது வருடம் ஓடிய வாழ்க்கைகளை அருகருகே வைத்துப் பார்த்தால்தான் எந்த வழி எதைக் கொடுக்கிறது, பதிலுக்கு எதை வாங்கிக்கொள்கிறது என்று தெரிகிறது.

அதற்கு நான் வேல்ஸை எடுத்துக்கொள்கிறேன். சுமார் 31 லட்சம் மக்கள் உள்ள சின்ன நாடு. 2021 கணக்கெடுப்பின்படி அவர்களில் ஏறக்குறைய 5,38,000 பேர் வெல்ஷ் மொழி பேசுகிறார்கள். லண்டன் சில மணி நேர ரயில் தூரத்தில் இருக்கிறது. அதனால் அங்கே பிறந்த இயக்குநருக்கு மூன்று இழுப்புகள் உண்டு: பெரிய ஆங்கிலத் தொடர்கள், வெளியூருக்குப் போய்த் தனக்கென ஒரு படம், உள்ளூரிலேயே இருந்து உள்ளூர்க் கதைகள். ஐரோஸ் லின், கேரத் எவன்ஸ், மார்க் எவன்ஸ் என்ற மூவரும் ஆளுக்கொரு இழுப்பின் பக்கம் போனவர்கள். பின்னவர் இருவருக்கும் ஒரே குடும்பப் பெயர் என்பதால் கேரத், மார்க் என்றே எழுதுகிறேன்.

முதலில் அந்த மண்ணைப் பற்றிக் கொஞ்சம். வெல்ஷ் மொழிக்கென்று தனி சானல் தருவதாகச் சொன்ன தாட்சர் அரசு அதிலிருந்து பின்வாங்கியபோது, 1980-இல் வேல்ஸ் தேசியவாதக் கட்சியான ப்ளைட் கம்ரியின் க்வின்ஃபோர் எவன்ஸ் சாகும்வரை உண்ணாவிரதம் இருக்கப் போவதாக அறிவித்தார். அரசு இறங்கி வந்தது. 1982 நவம்பர் 1 அன்று எஸ்4சி என்ற அந்தச் சானல் ஒளிபரப்பைத் தொடங்கியது. தாய்மொழியில் நாடகம், தொடர், படம் எடுத்துப் பழக ஒரு இடம் அப்படித்தான் கிடைத்தது. பன்னிரண்டு வருடத்துக்குள் பால் டர்னர் இயக்கிய 'ஹெத் வின்' என்ற வெல்ஷ் மொழிப் படம் ஆஸ்கர் பரிந்துரை வரை போனது. இந்தச் சானலை விட்டுவிட்டு வேல்ஸ் இயக்குநர்களைப் பற்றிப் பேச முடியாது.

ஐரோஸ் லின்: அடுத்தவர் எழுத்தை எடுப்பவர்

1971-இல் கார்டிஃபில் பிறந்தவர். மான்செஸ்டர் பல்கலைக்கழகத்தில் நாடகம் படித்தார். வேல்ஸ் தொலைக்காட்சியில் கைபழகிக்கொண்டிருந்த நேரத்தில் அவர் ஊருக்கே ஒரு பெரிய வேலை வந்தது. பதினாறு வருடமாகத் தொடராக ஓடாதிருந்த, காலப் பயணம் பற்றிய அறிவியல் புனைவான 'டாக்டர் ஹூ'வை மறுபடி எடுக்கும் பொறுப்பை பிபிசி வேல்ஸ் ஏற்றது. ஷூட்டிங் கார்டிஃபைச் சுற்றி. எழுத்தின் தலைமை ஸ்வான்சீக்காரரான ரஸ்ஸல் டி. டேவிஸ்.

பிரிட்டிஷ் தொடர்களில் ஒரு இயக்குநரிடம் இரண்டு மூன்று எபிசோடுகளைச் சேர்த்து ஒரு தொகுதியாகக் கொடுப்பார்கள். அதை 'ப்ளாக்' என்பார்கள். முன்தயாரிப்பு, ஷூட்டிங், எடிட்டிங் எல்லாம் அந்தத் தொகுதிக்குச் சேர்த்தே நடக்கும். 2005-இல் லின்னுக்குக் கிடைத்த தொகுதியைப் பாருங்கள். ஒரு எபிசோடில் கோடிக்கணக்கான வருடங்களுக்குப் பிந்தைய விண்வெளி நிலையம். பூமி எரிந்து முடிவதை வேற்றுக்கிரகத்து விருந்தினர்கள் வேடிக்கை பார்க்கிறார்கள். இன்னொன்றில் 1869-இன் கார்டிஃப், பனி, எரிவாயு விளக்குகள், நடுவில் சார்ல்ஸ் டிக்கன்ஸ். இரண்டையும் ஒரே குழுவை வைத்து ஒரே கால அட்டவணைக்குள் எடுக்க வேண்டும். சொந்தக் கதைக்காகக் காத்திருக்கும் ஒருவருக்கு இந்த மாதிரிப் பயிற்சி எத்தனை வருடத்தில் கிடைக்கும்?

அடுத்த வருடம் ஸ்டீவன் மொஃபட் எழுதிய 'தி கேர்ள் இன் தி ஃபயர்ப்ளேஸ்'. வெர்சாய் அரண்மனையின் நடன மண்டபத்துக்குள் குதிரையோடு நாயகன் ஒரு கண்ணாடியை உடைத்துக்கொண்டு பாய்வான். குதிரை தனியாக, மண்டபம் தனியாக, கண்ணாடி தனியாக எடுத்துப் பின்னால் சேர்த்த காட்சி அது. ஆனாலும் பார்ப்பவர் மனதில் தங்குவது அந்தப் பாய்ச்சலுக்கு முன்னும் பின்னும் சோஃபியா மைல்ஸின் முகத்தில் ஓடுவதுதான். அந்த எபிசோட் 2007-இல் அறிவியல் புனைவுக்கான ஹ்யூகோ விருது பெற்றது.

லின்னின் பலம் எங்கே என்று கேட்டால் நான் 2011-இல் வந்த 'ப்ளாக் மிரர்' தொடரின் ஒரு எபிசோடைக் காட்டுவேன். 'ஃபிஃப்டீன் மில்லியன் மெரிட்ஸ்' என்பது பெயர். சார்லி ப்ரூக்கரும் கோனி ஹக்கும் எழுதியது. உடைந்த கண்ணாடித் துண்டைக் கழுத்தில் வைத்துக்கொண்டு மேடையில் டேனியல் கலூயா கொட்டித் தீர்க்கும் இடம் வரும். அங்கே கேமரா சாமர்த்தியம் எதுவும் காட்டுவதில்லை. நடிகரை நம்பி அவர் முகத்தோடு இருக்கிறது. பின்னாளில் ஜோர்டன் பீல் தன் 'கெட் அவுட்' படத்துக்குக் கலூயாவைத் தேர்வு செய்ய இந்த எபிசோடும் ஒரு காரணம். தொலைக்காட்சியில் வேலை செய்தால் இயக்குநரின் கை மழுங்கிவிடும் என்று சொல்பவர்கள் இதை ஒருமுறை பார்க்க வேண்டும்.

இதற்கிடையில் 2009 ஜூலையில் இன்னொன்று நடந்திருந்தது. 'டார்ச்வுட்: சில்ட்ரன் ஆஃப் எர்த்' என்ற ஐந்து எபிசோட் கதை, அடுத்தடுத்த ஐந்து இரவுகளில் பிபிசி ஒன்றில் ஒளிபரப்பானது. ஐந்தையும் இயக்கியவர் லின் ஒருவரே. உலகத்துக் குழந்தைகள் எல்லாம் ஒரே நொடியில் அசையாமல் நின்று ஒரே குரலில் பேசத் தொடங்குகிற கதை. ஐந்து மணி நேரம் பதற்றத்தை ஏற்றிக்கொண்டே போவது ஒரு சினிமாவை விடப் பெரிய வேலை. தொகுதி இயக்குநர் ஒருவர் முழுக் கதையையும் சுமக்கக்கூடியவராக வளர்ந்ததை இங்கே பார்க்கலாம்.

தொலைக்காட்சிப் பாதையை யோசிப்பவர்கள் இந்த இடத்தைக் கொஞ்சம் கவனிக்க வேண்டும். ஓடிக்கொண்டிருக்கும் தொடருக்குள் போகும் இயக்குநருக்கு நடிகர்கள், வண்ணம், நடை எல்லாம் ஏற்கெனவே முடிவானவை. எடிட்டிங்கில் கடைசி வார்த்தை தயாரிப்பாளருடையது. ஆனால் ஒரு தொடரின் முதல் எபிசோடுகளை இயக்க அழைக்கப்படுபவர் நிலை வேறு. முக்கிய நடிகர்களைத் தேர்வு செய்வதில் அவருக்குக் குரல் உண்டு, அந்த உலகம் கண்ணுக்கு எப்படித் தெரிய வேண்டும் என்பதை அவர்தான் நிறுவுகிறார். பின்னால் வருபவர்கள் அதைப் பின்பற்றுவார்கள். லின் அந்த இடத்துக்குப் போய்ச் சேர்ந்தார். சாலி வெய்ன்ரைட்டின் 'லாஸ்ட் டேங்கோ இன் ஹாலிஃபாக்ஸ்', 'ஹேப்பி வேலி' இரண்டின் தொடக்க எபிசோடுகளும் அவருடையவை. 'ஹேப்பி வேலி'யில் அந்த யார்க்‌ஷைர் பள்ளத்தாக்கு அழகான இடமாகவும் அச்சம் தரும் இடமாகவும் ஒரே சட்டகத்தில் தெரிவது முதல் எபிசோடிலிருந்தே இருக்கிறது. 2022-இல் நெட்ஃப்ளிக்ஸில் வந்த 'ஹார்ட்ஸ்டாப்பர்' முதல் இரண்டு சீசன்களையும் முழுக்க அவரே இயக்கினார். ஆலிஸ் ஓஸ்மன் வரைந்து எழுதிய கிராஃபிக் நாவலின், அதாவது படக்கதையின், திரைவடிவம் அது. பள்ளிக்கூடக் காதலில் சின்ன இலைகளும் பொறிகளும் வரைகோடுகளாகப் பறந்து வருகின்றனவே, அந்த யோசனைக்கு வேர் மூல நூலின் பக்கங்களிலேயே இருக்கிறது. எழுத்தாளரின் கையெழுத்தை அழிக்காமல் திரைக்குக் கொண்டுவருவது தனித் திறமை. நம்மில் பலர் அதைக் குறைவாகவே மதிக்கிறோம்.

சரி, இந்த வழியின் விலை என்ன? மேலே சொன்னவற்றில் எதையும் மக்கள் 'ஐரோஸ் லின்னின் படைப்பு' என்று சொல்வதில்லை. டேவிஸ், மொஃபட், ப்ரூக்கர், வெய்ன்ரைட், ஓஸ்மன் என்று எழுதியவர் பெயரில்தான் அவை அறியப்படுகின்றன. தென் லண்டனில் 2000-இல் கொல்லப்பட்ட பத்து வயதுச் சிறுவன் டாமிலோலா டெய்லரின் குடும்பத்தைப் பற்றி அவர் இயக்கிய தொலைக்காட்சிப் படம் 2017-இல் பிரிட்டனின் பெரிய திரை விருதான பாஃப்டா வாங்கியது. அப்போதும் தொலைக்காட்சி உலகத்துக்கு வெளியே அவர் பெயர் தெரிந்தவர் குறைவு.

இரண்டாவது விலை காலம். அவருடைய 'அ ஹ்லிவ்ர்கெல்' என்ற வெல்ஷ் மொழிப் படம் 2016-இல்தான் வந்தது. ஃப்ளூர் டாவித் நாவலிலிருந்து எடுத்தது. அபெரிஸ்ட்வித்தில் கடலைப் பார்த்தபடி குன்றின்மேல் இருக்கும் தேசிய நூலகத்துக்குள் ஒரே இரவில் நடக்கும் கதை. தாயின் மரணத்துக்குப் பழிவாங்கத் துடிக்கும் இரட்டைச் சகோதரிகளாக இரண்டு வேடத்திலும் கேட்ரின் ஸ்டூவர்ட். சின்ன பட்ஜெட். நூலகத்தின் அடுக்குகளும் நடைவழிகளும் இதைவிட நல்ல செட் எங்கே கிடைக்கும் என்று கேட்க வைக்கின்றன. அதை எடுத்தபோது லின் நாற்பதின் நடுவில் இருந்தார். அடுத்த படம் 'ட்ரீம் ஹார்ஸ்' 2020 ஜனவரியில் அமெரிக்காவின் சண்டான்ஸ் திரைப்பட விழாவில் திரையிடப்பட்டது. வேல்ஸின் ஒரு தொழிலாளர் ஊரில் அக்கம்பக்கத்தார் பணம் போட்டு வளர்த்த குதிரை 2009-இல் வெல்ஷ் கிராண்ட் நேஷனல் பந்தயத்தை ஜெயித்த உண்மைக் கதை. பெருந்தொற்றில் தியேட்டர்கள் மூடியதால் பிரிட்டனில் அது அடுத்த வருடம்தான் வெளியானது.

கேரத் எவன்ஸ்: சொந்தப் படத்துக்காகக் கடல் தாண்டியவர்

தென் வேல்ஸின் நிலக்கரிப் பகுதியான ஹிர்வைனைச் சேர்ந்தவர், 1980-இல் பிறந்தவர். க்ளமோர்கன் பல்கலைக்கழகத்தில் திரைக்கதை படித்தார். 2006-இல் வேல்ஸிலேயே 'ஃபுட்ஸ்டெப்ஸ்' என்ற சின்னப் படம் எடுத்தார். அது அவருக்குக் கதவு எதையும் திறக்கவில்லை. அவர் மனைவி இந்தோனேசியாவைச் சேர்ந்தவர். அங்கே பென்சாக் சிலாட் என்ற தற்காப்புக் கலை பற்றி ஆவணப்படம் எடுக்கப் போன இடத்தில், ஒரு தொலைத்தொடர்பு நிறுவனத்தில் ஓட்டுநராக இருந்த ஈகோ உவைஸைச் சந்தித்தார். இருவரும் சேர்ந்து 2009-இல் 'மெரந்தாவ்' எடுத்தார்கள்.

அடுத்ததாக கேரத் எழுதி வைத்திருந்தது பெரிய பட்ஜெட் கேட்கும் ஒரு நிழலுலகக் கதை. ஒன்றரை வருடம் அலைந்தும் பணம் சேரவில்லை. அதை ஓரம் வைத்துவிட்டு, கையில் இருக்கும் பணத்துக்கு ஏற்ற கதை ஒன்றை எழுதினார்: ஒரே கட்டடம், மாடி மாடியாக ரவுடிகள், உள்ளே சிக்கிய போலீஸ்காரர்கள். அதுதான் 'தி ரெய்ட்'. சுமார் 11 லட்சம் டாலரில் எடுத்த படம் 2011-இல் டொரண்டோ விழாவின் நள்ளிரவுப் பிரிவில் பார்வையாளர் விருது பெற்று உலகம் முழுக்கப் போனது. அந்த வெற்றிக்குப் பின், ஓரம் வைத்த பழைய கதையை எடுத்துத் திருத்தி 2014-இல் 'ரெய்ட் 2' ஆக்கினார்.

எழுதியவர், இயக்கியவர், எடிட் செய்தவர் எல்லாம் அவரே. ஒரு சண்டைக் காட்சியில் எந்த அடி எந்தச் சட்டகத்தில் விழுகிறது என்பது வரை ஒரே மனதின் முடிவு. லின்னுக்கு இருபது வருடத்தில் கிடைக்காத பெயர் இவருக்கு முப்பத்தொரு வயதில் கிடைத்தது. இந்தப் பாதையின் கவர்ச்சி எல்லாருக்கும் புரிகிறது, அதனால் அதை நான் அதிகம் விவரிக்கப் போவதில்லை. அப்புறம் நடந்ததுதான் முடிவெடுப்பவருக்கு முக்கியம்.

'ரெய்ட் 2'-வுக்குப் பின் அடுத்த முழுநீளப் படமான 'அபோஸல்' வர நான்கு வருடம் ஆனது. 2018-இல் நெட்ஃப்ளிக்ஸுக்காக, இந்த முறை வேல்ஸிலேயே எடுத்தார். 2020-இல் ஒளிப்பதிவாளர் மேட் ஃப்ளானரியோடு சேர்ந்து 'கேங்ஸ் ஆஃப் லண்டன்' தொடரை உருவாக்கினார். தொடருக்கு வந்தாலும் அவர் வந்தது அதை உருவாக்கியவராக. முதல் எபிசோடையும் கிராமத்து வீட்டு முற்றுகை வரும் ஐந்தாவது எபிசோடையும் தானே இயக்கிவிட்டு, மற்றவற்றைப் பிற இயக்குநர்களிடம் விட்டார். அதற்குப் பின் டாம் ஹார்டி நடித்த 'ஹேவக்'. கார்டிஃப், ஸ்வான்சீ தெருக்களை அமெரிக்க நகரமாக மாற்றி 2021-இல் ஷூட்டிங் நடந்தது. விடுபட்ட காட்சிகளை எடுக்க நடிகர்களின் தேதி, ஹாலிவுட் வேலைநிறுத்தம் என்று இழுத்துப் படம் வெளியானது 2025 ஏப்ரலில். உச்சத்தில் இருக்கும் ஒரு இயக்குநரின் ஒரே படத்துக்கு ஏறக்குறைய நான்கு வருடம். அதே காலத்தில் லின் 'ஹார்ட்ஸ்டாப்பர்' இரண்டு சீசன்களை, பதினாறு எபிசோடுகளை முடித்துவிட்டிருந்தார்.

மார்க் எவன்ஸ்: ஊரை விடாதவர்

மார்க் மூவரில் மூத்தவர். முதலில் கவனம் பெற்ற படம் 1997-இன் 'ஹவுஸ் ஆஃப் அமெரிக்கா'. எட் தாமஸ் எழுதிய நாடகத்தின் திரைவடிவம். வேல்ஸில் வேலையில்லாமல் கிடக்கும் குடும்பம், அமெரிக்காவைப் பற்றிய பகல்கனவு. பிறகு வெளியேயும் போனார். 2002-இல் 'மை லிட்டில் ஐ' என்ற திகில் படம், 2006-இல் பெர்லின் விழாவைத் தொடங்கி வைத்த 'ஸ்நோ கேக்'. ஆலன் ரிக்மேன், சிகோர்னி வீவர் நடித்த அந்தப் படத்துக்குப் பின் வேறொருவர் என்றால் வட அமெரிக்காவிலேயே தங்கியிருக்கக்கூடும்.

மார்க் எடுத்தது 'பேட்டகோனியா' (2010). 1865-இல் மிமோசா கப்பலில் போய் அர்ஜென்டினாவில் குடியேறிய வெல்ஷ் மக்களின் வழித்தோன்றல்கள் இன்றும் அங்கே இருக்கிறார்கள். அங்கிருந்து வேல்ஸ் வரும் ஒரு மூதாட்டி, வேல்ஸிலிருந்து அங்கே போகும் ஒரு ஜோடி என்ற இரு பயணங்களை வெல்ஷிலும் ஸ்பானிஷிலும் சொன்ன படம். பிரிட்டன் அதைத் தன் சார்பில் அயல்மொழி ஆஸ்கருக்கு அனுப்பியது.

அப்புறம் 'அ குவிஹ்ல்', ஆங்கிலத்தில் 'ஹின்டர்லேண்ட்'. அபெரிஸ்ட்வித்தைச் சுற்றி நடக்கும் இந்தத் துப்பறியும் தொடரில் காட்சிகளை வெல்ஷில் ஒருமுறை, ஆங்கிலத்தில் ஒருமுறை எடுத்தார்கள். 2013 அக்டோபரில் எஸ்4சியில் வெல்ஷ் வடிவம் வந்தது, 2014 ஜனவரியில் பிபிசி வேல்ஸில் இருமொழி வடிவம். டென்மார்க்கின் அரசுத் தொலைக்காட்சியும் வாங்கியது. தொடக்க எபிசோடை இயக்கியவர் மார்க்; உருவாக்கியவர்களில் ஒருவர் அதே எட் தாமஸ். முதல் படத்தின் எழுத்தாளரோடு பதினாறு வருடம் கழித்தும் சேர்ந்து வேலை செய்ய முடிகிறது என்றால், அது ஊரில் இருப்பதால் கிடைக்கிற வரம். 'ஹவுஸ் ஆஃப் அமெரிக்கா'வில் இளைஞராக நடித்த மேத்யூ ரீஸ் 'பேட்டகோனியா'வுக்குத் திரும்ப வந்ததும் அப்படித்தான்.

பிழைப்பு எப்படி என்று கேட்டால், உண்மைக் குற்றங்களைப் பற்றிய தொடர்கள். 2021-இன் 'தி பெம்ப்ரோக்‌ஷைர் மர்டர்ஸ்', 2023-இன் 'ஸ்டீல்டவுன் மர்டர்ஸ்' இரண்டும் வேல்ஸில் நடந்த வழக்குகள். 2025-இல் 'மிஸ்டர் பர்ட்டன்' வந்தது. போர்ட் டால்பட்டின் ஏழைச் சிறுவன் ரிச்சர்ட் ஜென்கின்ஸை நடிகர் ரிச்சர்ட் பர்ட்டனாக வளர்த்தெடுத்த பள்ளி ஆசிரியரின் கதை, நடிகரின் நூற்றாண்டு வருடத்தில். மூவரில் இவருடைய படங்களை வரிசையாகப் பார்த்தால்தான் ஒரு நாட்டின் வரைபடம் கிடைக்கும். ஆனால் எல்லாம் ஒரே தரத்தில் இல்லை, வெளிநாட்டுப் பார்வையாளர்களுக்குப் பாதிக்கு மேல் போய்ச் சேரவும் இல்லை.

எதை எடுப்பது?

தொலைக்காட்சியா சினிமாவா என்று கேட்டால் இந்த மூவரில் யாரையும் பிரிக்க முடியாது. மூவரும் இரண்டையும் செய்திருக்கிறார்கள். பிரிப்பது வேறொரு கேள்வி: யார் எழுதியதை எடுக்க நீங்கள் தயார்? கேரத் தன் எழுத்தைத்தான் எடுக்கிறார். மார்க் தன் மண்ணைப் பற்றி யார் எழுதினாலும் எடுக்கிறார். லின் நல்ல எழுத்து எங்கிருந்து வந்தாலும் எடுக்கிறார்.

உங்களுக்கு எழுத வரும், கையில் இருப்பதற்கு ஏற்றபடி கதையைச் சுருக்கத் தெரியும், நடுவில் மூன்று நான்கு வருடம் ஒன்றும் வெளிவராவிட்டாலும் வீட்டுச் செலவு ஓடும் என்றால் கேரத்தின் வழி. இதில் ஒரு எச்சரிக்கை. எல்லாரும் 'ரெய்ட்'டின் துணிச்சலைப் பேசுகிறார்கள். ஈகோ உவைஸ் போன்ற ஒருவரைச் சந்தித்தது திட்டம் போட்டு நடந்ததல்ல. அது நடக்காமல் போயிருந்தால் என்ன என்பதையும் கணக்கில் வையுங்கள்.

உங்கள் ஊரில், உங்கள் மொழியில் படமெடுக்கப் பணம் போடும் ஒரு சானலோ நிதி அமைப்போ இருந்தால் மார்க்கின் வழி. எஸ்4சி போன்ற ஒன்று இல்லாத இடத்தில் இந்த வழியைப் பரிந்துரைக்க எனக்கு மனம் வரவில்லை. தனி மனிதரின் பிடிவாதம் மட்டும் அதைத் தாங்காது.

மற்ற பெரும்பாலானவர்களுக்கு, அதாவது எழுத்து சுமாராக வரும், நடிகர்களோடு வேலை செய்வது பிடிக்கும், வருடத்தில் பல மாதம் செட்டில் நிற்க ஆசை என்பவர்களுக்கு, லின்னின் வழிதான் என் தேர்வு. ஒரே ஒரு திருத்தத்தோடு. சொந்தப் படத்துக்கு நாற்பதைத் தாண்டும்வரை காத்திருக்க வேண்டாம். 'அ ஹ்லிவ்ர்கெல்' மாதிரி ஒரே கட்டடம், ஒரே இரவு, கைவிரலில் எண்ணக்கூடிய நடிகர்கள் என்ற அளவிலான படத்தை, தொடர் வேலை தொடங்கிய நாலைந்து வருடத்துக்குள் எடுத்துவிட முடியும். அந்த அளவில் கேரத்தின் 'ரெய்ட்'டும் அதே கணக்குதான்: ஒரு கட்டடம். இரண்டு அழைப்பு வந்தால் அதிகச் சம்பளம் தருவதை விட்டுவிட்டு, புதிதாகத் தொடங்கும் தொடரின் முதல் தொகுதியைத் தருவதை எடுங்கள்.

இன்னும் முடிவு வரவில்லை என்றால் 'ஃபிஃப்டீன் மில்லியன் மெரிட்ஸ்', 'தி ரெய்ட்', 'ஹின்டர்லேண்ட்' முதல் எபிசோட் மூன்றையும் ஒரே வாரத்தில் பாருங்கள். ஒவ்வொன்றும் முடிந்ததும், இதில் எந்த ஷூட்டிங்கில் ஒரு நாள் நின்றிருக்க ஆசைப்படுகிறீர்கள் என்று எழுதி வையுங்கள். சண்டைக்கு ஒத்திகை பார்க்கும் கூடமா, நடிகரின் முகத்துக்கு எதிரே மானிட்டரா, மழையில் நனைந்த மலைப்பாதையில் ஒரே காட்சியை இரண்டு மொழியில் எடுக்கும் குழுவா என்பதைப் பார்த்து முடிவு செய்யலாம்.